தட்டித் திறந்த கதவு

இதைத் தமிழில் எழுதக் காரணம் ஒன்றுதான். இந்த வீட்டில் தமிழ் படிக்கத் தெரிந்தவர் யாரும் இல்லை. மலாயில் எழுதினால் என் கணவர் கண்ணில் படும். படித்தால் ஒரு வாரம் அவருக்குச் சோறு இறங்காது. இத்தனை வருஷம் என்னோடு பட்டது போதாதா, அந்த மனுஷனை எதற்குப் பட்டினி போட வேண்டும்?

எனக்கு ஒரு மகள் இருந்தாள். ஏழு வயது வரை வளர்த்தேன். எனக்குப் பிள்ளையே பிறக்கவில்லை என்பதும் உண்மை. எப்படி இரண்டும் உண்மையாகும் என்று கேட்பவர்களுக்குப் பொறுமையாகச் சொல்லப் பார்க்கிறேன். பொறுமை எனக்குப் பிறவிக் குணம் இல்லை.

நான் ரப்பர் தோட்டத்தில் பிறந்தவள். அப்பாவை ஜப்பான்காரன் சயாம் ரயில் ரோட்டுக்குக் கொண்டுபோனான், திரும்பி வரவில்லை. அம்மா காய்ச்சலில் போனாள். சண்டை முடிந்து அரிசிக்குக் கூப்பன் எழுதத் தோட்டத்துக்கு ஒரு குமாஸ்தா, எங்கள் பேச்சில் கிராணி, வந்தார். கூப்பனோடு என்னையும் எழுதிக்கொண்டு போனார் என்று எங்கள் லயத்து வரிசை வீடுகளில் கேலி செய்வார்கள். அப்படித்தான் மலாக்காவில் காஜா பேராங்கில் ஒரு செட்டி வீட்டுக்கு வாழ்க்கைப்பட்டேன்.

செட்டி என்றால் வட்டிக்குக் கொடுக்கும் செட்டியார் இல்லை. மலாக்காச் செட்டிகள் வேறு. பல தலைமுறைக்கு முன் வியாபாரத்துக்கு வந்து, இங்கேயே பெண் எடுத்து, இங்கேயே தங்கிவிட்டவர்கள். சாமி நம் சாமி, திருநீறு நம் திருநீறு, பேச்சு மட்டும் மலாய். அந்த மலாயிலும் பாதி அவர்களுக்குள் மட்டும் விளங்குவது. நான் போனபோது அந்த வீட்டில் மூன்று பேர்தான்: நான், என் கணவர், கணவனை இழந்த அவருடைய அக்கா. அவரை நானும் அக்கா என்றே கூப்பிட்டேன். அந்த வீட்டில் மிச்சமிருந்த சில தமிழ்ச் சொற்களில் அதுவும் ஒன்று. அவர்கள் மலாயில் பேசியதை இங்கே என் தமிழில் போடுகிறேன்.

அக்காவோடு எனக்கு முதல் சண்டை கதவைப் பற்றி. எங்கள் லயத்தில் யாரும் கதவைத் தட்டியது கிடையாது. "உப்பு இருக்கா?" என்று கேட்கும்போதே கால் அடுப்படியில் இருக்கும். இங்கே அப்படி இல்லை. சாத்தின கதவு எதுவானாலும் மூன்று தட்டு தட்டி, ஒரு மூச்சு நின்று, பிறகுதான் திறக்க வேண்டும். என் சொந்த அறைக்குக்கூட. நான் மறந்துபோய் நேரே நுழைவேன். அக்கா கையிலிருக்கும் கரண்டியோடு திரும்பிப் பார்ப்பார்.

"காட்டுல பொறந்தியா?"

"ஆமாக்கா, ரப்பர் காட்டுல."

அவருக்குச் சிரிப்பு வராது. இரண்டு வருஷம் ஆயிற்று அந்தத் தட்டு என் கைக்குள் ஏற. ஏறியபின் இறங்கவில்லை. கோழிக்கூட்டைக்கூடத் தட்டித் திறந்திருக்கிறேன்.

அவர்கள் அவ்வளவு கண்டிப்பாக இருந்ததற்குக் காரணம் பார்ச்சு. பொங்கலுக்கு முந்தின நாள் செத்தவர்களுக்குப் படைப்பது. எங்கள் வீட்டில் பகல் சாப்பாட்டு நேரத்தில் செய்வோம். நடுக்கூடத்தில் ஆளுக்கு ஓர் இலை போட்டு, சோறு, புளிபோட்ட மீன் பிண்டாங், சம்பல், ஆப்பம், பழம், கூவே என்கிற பலகாரம் எல்லாம் வைத்து, விளக்கேற்றிக் கதவைச் சாத்திவிட்டு வாசலில் போய் நிற்போம். உள்ளே அவர்கள் சாப்பிடுவார்கள். சாப்பிடுவது என்றால் வாசனையைத்தான். சோற்றில் ஒரு பருக்கை குறையாது. கொஞ்ச நேரம் போனதும் வீட்டு மருமகள் போய் மூன்று தட்டு தட்ட வேண்டும். சாப்பிட்டது போதும், நாங்கள் வருகிறோம், நீங்கள் புறப்படுங்கள் என்று அதற்கு அர்த்தம். தட்டாமல் திறந்து அவர்கள் நடுவில் போய் நின்றால் அவமரியாதை.

மருமகள் நான்தான். ஆகவே தட்டுவதும் நான்தான். என் மகளுக்கு நடக்கத் தெரிந்த நாளிலிருந்து அந்த நேரத்தில் என் முந்தானையைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நிற்பாள். நான் தட்டத் தட்ட, "சாத்து, டுவா, தீகா" என்று எண்ணுவாள். ஐந்து வயதில் ஒருநாள் கேட்டாள்.

"அம்மா, தட்டினா அவங்களுக்கு எப்படித் தெரியும்?"

"தெரியும். போயிட்டு வாங்கன்னு அர்த்தம்."

"போகலேன்னா?"

"அம்மா தட்டினா போயிடணும்."

சொல்லிவிட்டு அவள் மூக்கைக் கிள்ளினேன். இந்தப் பேச்சை நான் அப்போது பெரிதாக நினைக்கவில்லை.

இனி அந்த இன்னொரு விஷயம். வீட்டில் அதற்குப் பிண்டா என்று பெயர். வீடு மாறிப் போவதற்கு மலாயில் சொல்லும் அதே சொல். நான் மனதுக்குள் பெயர்ச்சி என்று வைத்துக்கொண்டேன். சனிக்கு மட்டும்தானா பெயர்ச்சி, எங்கள் காஜா பேராங்குக்கும் உண்டு.

வெளிச்சம் அரிசி கழுவின தண்ணீர் நிறமாகும். காது அடைத்துக்கொள்ளும். ஒரு தும்மல் போடும் நேரம்தான். அப்புறம் எல்லாம் பழையபடி இருக்கும், ஏதோ ஒன்று மட்டும் இராது. முதல் தடவை எனக்கு நேர்ந்தது, கிணற்றிலிருந்து வாளியோடு வந்து அடுப்படிப் படியில் கால் வைத்தேன், இரண்டாக இருந்தது மூன்றாகிவிட்டது. முட்டியில் அடி. மறுநாளும் அதே காலில் அடி. பட்ட காலிலே படும் என்று சும்மாவா சொன்னார்கள். எப்போதும் இரண்டு படிதானே என்று கேட்டேன். என் கணவர், எப்போதும் மூன்றுதான் என்றார். அக்கா மட்டும் என்னை உள்ளே இழுத்து, "பிண்டா. பேசாதே, பந்தாங்," என்றார். பந்தாங் என்றால் விலக்கு, பேசினால் தோஷம் என்று பொருள்.

பேசாதே என்றால் எனக்குத்தான் நாக்கு அரிக்குமே. துளைத்துத் துளைத்துக் கேட்டதில், ஒரு நாள் கூவே லாப்பிஸ் வேகவைத்துக்கொண்டிருந்தபோது அக்கா சொன்னார். அது ஒன்பது அடுக்குப் பலகாரம். மாவை ஒரு கரண்டி ஊற்றி, வெந்ததும் அதன்மேல் வேறு நிறத்தில் இன்னொரு கரண்டி ஊற்ற வேண்டும்.

"நாம இருக்கிறது இதுல ஒரு அடுக்கு," என்று ஆவிக்கு நடுவில் விரலைக் காட்டினார். "மேலயும் ஒரு காஜா பேராங். கீழயும் ஒண்ணு. அங்கயும் நீ இருக்கே, நான் இருக்கேன். நடுவுல மெலிசு. சில நேரம் ஒட்டிக்கும். பிரியறப்போ ஒண்ணு ரெண்டு அந்தப் பக்கம் போயிடும்."

போனதை யாரும் நினைக்கமாட்டார்கள். அந்த நேரத்தில் அதைத் தொட்டுக்கொண்டிருந்தவருக்கு மட்டும் நினைவு தங்கும். எதிர்வீட்டுத் தச்சர் தன் சைக்கிள் ஹாண்டிலைப் பிடித்துக்கொண்டிருந்தபோது அப்படித்தான் ஆயிற்று. உனக்கு ஏது சைக்கிள் என்று அவர் மனைவியே கேட்டாள். மனிதர் இரண்டு வருஷம் அந்தச் சைக்கிளையே சொல்லிச் சொல்லித் தெருவில் கேலிப்பொருளானார். ஒரு மழை விட்ட சாயங்காலம் அது பலாமரத்தில் சாய்ந்து நின்றது, டயரில் காற்று இறங்கி. ஆக, போனது திரும்பவும் வரலாம். அந்தச் சைக்கிளை நான் போய்த் தொட்டுப் பார்த்தேன். பிற்பாடு எத்தனை நாள் அதை நினைத்துக்கொண்டே உயிரோடு இருந்தேன் என்று அந்தத் தச்சருக்குத் தெரியாது.

என் மகளைப் பற்றிச் சொல்கிறேன். பிடிவாதக்காரி. சொன்ன பேச்சு கேட்கமாட்டாள். குளி என்றால் ஓடுவாள், ஓடாதே என்றால் உட்கார்ந்துவிடுவாள். கூவே லாப்பிஸைக் கடித்துத் தின்னமாட்டாள். ஒவ்வோர் அடுக்காக நகத்தால் கிளப்பி, உரித்து, தலையை அண்ணாந்து வாயில் தொங்கவிட்டு, விரலை ஒரு சப்புச் சப்புவாள். அப்புறம் அடுத்த அடுக்கு. ஒரு துண்டுக்கு அரை மணி நேரம். அந்த வீட்டில் என்னோடு தமிழ் பேசிய ஒரே ஆள் அவள். நான்தான் ரகசியமாகக் கற்றுக்கொடுத்தேன். மற்றவர்களோடு மலாய், என்னோடு தமிழ், சண்டை போடும்போது இரண்டும்.

சுதந்திரம் எந்தத் தேதியில் வரும் என்று மலாக்காத் திடலில் சொல்லப் போகிறார்கள் என்று ஊரே கிளம்பிய நாள் அது. காலை வேளை. சாலையில் லாரி லாரியாக ஆட்கள். என் கணவர் அவளைச் சைக்கிளில் கூட்டிக்கொண்டு போவதாக இருந்தார். அவளை அடுப்படியில் முக்காலியில் உட்கார்த்தி நான் தலை பின்னிக்கொண்டிருந்தேன். ஜாலான் பெண்டஹாராத் துணிக்கடையில் வாங்கிய பச்சை ரிப்பன், இரண்டு துண்டு. வலது பின்னல் முடிந்து ரிப்பன் கட்டியாயிற்று. இடது பக்கம் மூன்று புரியாகப் பிரித்துக் கையில் வைத்திருந்தேன். இரண்டாவது ரிப்பன் என் பல்லிடுக்கில்.

"அம்மா, இறுக்காதீங்க லா, வலிக்குது. அப்பா போயிடுவாரு."

"ஆடாம இரு."

வெளிச்சம் கழுநீராயிற்று. காது அடைத்தது. என் விரல்கள் இன்னும் பின்னிக்கொண்டே இருந்தன, நடுவில் ஒன்றும் இல்லாமல். முக்காலியில் ஒரு வெங்காயக் கூடை இருந்தது.

நான் கத்தியது தெருமுனை வரை கேட்டிருக்கும். என் கணவர் சட்டைப் பொத்தானைப் போட்டபடி ஓடிவந்தார். யாரைக் கூப்பிடுகிறாய் என்று கேட்டார். அவள் பெயரைச் சொன்னேன். அவர் என் தோளைப் பிடித்து உட்காரவைத்து, "நமக்கு ஏதும்மா பிள்ளை?" என்றார். அதைக் கோபமாகச் சொல்லியிருந்தால் திருப்பிக் கோபப்பட்டிருப்பேன். மெதுவாகச் சொன்னார், பல வருஷமாகச் சொல்லிப் பழகியவர் மாதிரி. இந்த அடுக்கில் நாங்கள் பிள்ளை இல்லாமல் அழுது ஓய்ந்த தம்பதி என்று அப்போதுதான் எனக்கு விளங்கியது.

விளங்கியது இன்னொன்றும். போனது அவள் இல்லை, நான். இது வேறு வீடு. மூன்றாகியிருந்த படி இங்கே இரண்டுதான் இருந்தது. என் வயிற்றில் பிள்ளை பெற்ற கோடு இருக்கிறது, இந்த ஊர் மருத்துவச்சிக்கு என் வயிற்றைத் தெரியவே தெரியாது. கோட்டை என் கணவரிடம் காட்டினேன். "முன்னாடி நீ கொஞ்சம் குண்டா இருந்தே," என்றார் பாவம், என்ன சொல்வதென்று தெரியாமல். அன்று அவரை அடித்துவிட்டேன். அவர் கையை ஓங்கவில்லை.

அப்படியானால் இங்கே இருந்த நான் எங்கே? பிள்ளைக்கு ஏங்கிக்கிடந்த அந்த இன்னொருத்தி? என் இடத்துக்குப் போயிருப்பாளோ? திடீரென்று கையில் ஒரு பிள்ளையின் தலைமுடி. மூன்று புரி. கொடுத்துவைத்தவள், பின்னி முடித்திருப்பாள். ரிப்பனுக்கு என்ன செய்தாளோ, அது என்னிடம்தானே இருக்கிறது. இப்படி நினைத்து வயிறெரிவேன். அப்புறம் அதை நினைத்துத்தான் ஆறுதலும் அடைவேன். என் பிள்ளை தாயில்லாமல் நிற்பதைவிட என் சாயலில் யாரோ ஒருத்தி சோறு போடுவது மேல் என்று. அந்த ஆறுதல் ஏறக்குறைய இரண்டு வருஷம் எனக்குச் சோறு போட்டது.

இந்த அடுக்கின் அக்காவும் அதே அக்காதான், அதே கரண்டி, அதே முறைப்பு. ரிப்பனைப் பார்த்தார். இந்த வீட்டில் ரிப்பன் கட்டும் தலை ஒன்றும் இல்லை, பச்சை ரிப்பன் எதற்கு? அவருக்குப் புரிந்துவிட்டது. ஆனால் வாயைத் திறக்கவில்லை. பந்தாங்.

என் கணவர் என்னை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனார், கோவிலுக்குக் கூட்டிக்கொண்டு போனார், உஜோங் பாசிரில் கடலோரத்தில் மந்திரிக்கும் ஒருவரிடமும் கூட்டிக்கொண்டு போனார். எல்லாரும் ஒன்றையே வேறு வேறு வார்த்தையில் சொன்னார்கள், பிள்ளை இல்லாத ஏக்கம் என்று. வீட்டுக்குத் திரும்பும் வழியில் சைக்கிள் பின்னால் உட்கார்ந்து அவர் முதுகையே பார்த்துக்கொண்டு வருவேன். அவர் மேல் எனக்குக் கோபம் வராது. அவர் இழக்கவில்லையே, அவருக்கு எதற்கு வலிக்க வேண்டும்?

சுதந்திரம் வந்தது. குடியுரிமைக்குப் பதிந்துகொள்ளச் சொன்னார்கள். பள்ளிக்கூடத்தில் மேஜை போட்டு உட்கார்ந்திருந்தவர் தமிழர், நல்ல மனிதர். என் முறை வந்தது.

"பிள்ளைங்க எத்தனைம்மா?"

"ஒண்ணு," என்றேன்.

"இல்ல," என்றார் என் கணவர் மலாயில்.

எழுதுபவர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "சூராட் பெரானா இருக்குங்களா? பொறந்த பேப்பர்?"

நான் முந்தானை முடிச்சை அவிழ்த்து ரிப்பனை மேஜையில் வைத்தேன். அதைத் தவிர என்னிடம் என்ன இருந்தது? வரிசையில் எனக்குப் பின்னால் நின்றவர்கள் முணுமுணுத்தார்கள். அவர் ரிப்பனைத் தொடவில்லை.

"பேப்பர்ல இல்லாதத எழுத முடியாதும்மா. கோவிச்சுக்காதீங்க."

அந்தக் கட்டத்தில் ஒரு கோடு போட்டார். நான் தமிழில் கையெழுத்துப் போட்டேன். எல்லாருக்கும் நாடு கிடைத்த சந்தோஷம். எனக்கும் கிடைத்தது, என் மகள் இல்லாத ஒரு நாடு. வெளியே வந்து கடைகளுக்கு முன்னால் ஐந்தடி நடைபாதையில் உட்கார்ந்து அழுதேன். என் கணவர் ஐஸ் தண்ணீர் வாங்கிக்கொண்டு வந்து நின்றார்.

அதற்கு அடுத்து வந்த பார்ச்சுவில்தான் நான் அந்தக் காரியம் செய்தேன்.

பெயர்ந்தவர்களுக்கு இலை போடக்கூடாது என்பது அக்காவின் விதி. செத்தவர்களுக்குத்தான் இலை. உயிரோடு இருக்கும் ஆளுக்கு இலை போட்டால் சாவை நாமே எழுதிக்கொடுத்த மாதிரி என்பார். அதற்கு முந்தின வருஷம் அதற்குப் பயந்து போடவில்லை. இந்த வருஷம் என் புத்தி வேறு வழியில் போயிற்று. செத்தவர்கள் எங்கிருந்தோ அந்தக் கூடத்துக்கு வருகிறார்களே, அவ்வளவு தூரம் வர அந்த நேரத்தில் வழி திறக்கிறது என்றால், பக்கத்து அடுக்கில் இருக்கும் பிள்ளை வரமுடியாதா? அவளை நான் செத்தவளாக அழைக்கவில்லை. பசிக்கும் பிள்ளையாக அழைக்கிறேன். சைக்கிளே வந்ததே.

மற்ற இலைகளைப் போட்டு முடித்ததும், மூலையில் ஒரு சின்ன நுனியிலை போட்டேன். பக்கத்தில் அடுப்படி முக்காலியைக் கொண்டுவந்து வைத்தேன். இலையில் ஒரு கை சோறு, ஒரு முழுத் துண்டு கூவே லாப்பிஸ். ரிப்பனை முக்காலி மேல் வைத்தேன். அக்கா விளக்கேற்ற வந்தவர் பார்த்துவிட்டார். குனிந்து இலையை எடுக்கப் போனார். கை பாதியில் நின்றது. பிறகு இலை நுனி மடங்கியிருந்ததை நேராக்கிவிட்டு வெளியே போனார்.

கதவைச் சாத்தினோம். வாசலில் மூவரும் நின்றோம். நல்ல வெயில். அடுத்த வீட்டில் பொங்கலுக்குச் சுண்ணாம்பு அடித்துக்கொண்டிருந்தார்கள். எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியாது. வெயில் கழுநீராகிக் காது அடைத்தது. திரும்பி அக்காவைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்த்தார்.

உள்ளே முக்காலி நகர்ந்தது.

சிமிண்டுத் தரையில் மரக்கால் இழுபடும் சத்தம், அந்த வீட்டில் ஆயிரம் தடவை கேட்ட சத்தம். அப்புறம் அமைதி. அப்புறம் விரலைச் சப்பும் சத்தம். கொஞ்சம் விட்டு மறுபடி ஒன்று. மறுபடி ஒன்று. எண்ணிக்கொண்டு நின்றேன், நிற்காமல் ஓடியிருக்க வேண்டும். ஐந்து தடவை கேட்டபின்தான் கால் நகர்ந்தது. மூன்று எட்டில் கதவடியில் இருந்தேன்.

தட்டினேன்.

யாரும் என்னைத் தட்டச் சொல்லவில்லை. நான் நினைத்தும் செய்யவில்லை. சாத்தின கதவு, கை தானாகப் போயிற்று. ஒன்று, இரண்டு, மூன்று. தட்டி முடித்து வழக்கப்படி ஒரு மூச்சு நின்றேன் வேறு. அந்த ஒரு மூச்சில்தான் என்ன செய்தேன் என்று எனக்கு உறைத்தது.

திறந்தேன். மற்ற இலைகளில் ஒரு பருக்கை குறையவில்லை, வாசனையைத் தின்றுவிட்டுப் போயிருந்தார்கள். மூலையில் முக்காலி இலையை ஒட்டி இழுக்கப்பட்டிருந்தது. ரிப்பன் இல்லை. கூவே லாப்பிஸில் ஐந்து அடுக்கு இல்லை. ஆறாவது அடுக்கு ஒரு முனையில் நகத்தால் கிளப்பப்பட்டு, பாதி உரிந்து, அப்படியே மடங்கிக் கிடந்தது. முக்காலியில் கையை வைத்தேன். சூடு இருந்தது.

செத்தவர்கள் உரித்துத் தின்பதில்லை. அவள் உயிரோடு இருந்தாள். உயிரோடு, பசியோடு, இங்கே உட்கார்ந்திருந்தாள். என் சாயலில் யாரோ ஒருத்தி அவளுக்குச் சோறு போடுகிறாள் என்று நான் ஆறுதல்பட்டது எல்லாம் அந்த இலையிலேயே முடிந்துபோயிற்று. வயிறு நிறைந்த பிள்ளை அத்தனை வேகமாக ஐந்து அடுக்குத் தின்னாது. அரை மணி நேரம் எடுப்பவள் அவள்.

என் கணவர் உள்ளே வந்தார். இலையைப் பார்த்து, "தீக்குஸ்..." என்று எலியின் மேல் பழி போட ஆரம்பித்தார். முடிக்கவில்லை. எலி அடுக்கடுக்காக உரிக்காது என்று அவருக்கும் தெரியும். தரையில் என் பக்கத்தில் உட்கார்ந்து, முக்காலி மேல் என் கை இருந்த இடத்தில் தன் கையையும் வைத்தார். பிறகு கேட்டார்.

"யார் மாதிரி இருப்பா?"

"மூக்கு உங்களுது. பிடிவாதம் உங்க அக்காவுது. வாய் என்னுது."

அவர் அழுதார். இரண்டு வருஷமாக அவருக்கு இல்லாத வலியை அன்று நான் அவருக்கும் கொடுத்துவிட்டேன். அதற்காகவும் என்னை நான் மன்னிக்கவில்லை.

அக்கா வாசற்படியிலேயே நின்றார். "தட்டாதேன்னு சொல்ல வாயெடுத்தேன்," என்றார். "பந்தாங்னு விட்டுட்டேன்." அதன்பிறகு சாகும் வரை அவர் என்னைக் கதவு விஷயமாகத் திட்டவில்லை.

ஒவ்வொரு வருஷமும் நுனியிலை போடுகிறேன். தட்டுவதில்லை. கதவை ஒரு விரல்கடை திறந்தே வைக்கிறேன், செத்தவர்கள் கோபித்துக்கொண்டாலும் பரவாயில்லை என்று. பொழுது சாயும்போது கூவேயில் எறும்பு ஏறியிருக்கும். ஒன்பது அடுக்கும் அப்படியே இருக்கும். இப்போது அக்காவுக்கும் ஓர் இலை போடுகிறோம். அவர் வந்து வாசனையைத் தின்றுவிட்டுப் போகிறார் என்றே நினைக்கிறேன். செத்தவர்களுக்கு அந்தத் தட்டு பழக்கம், அதற்காக மனசு நோகமாட்டார்கள், அடுத்த வருஷமும் வருவார்கள். அவள் அப்படி இல்லை. யார் கை தட்டியது என்று அவளுக்குத் தெரியும். பக்கத்தில் நின்று எண்ணியவள் ஆயிற்றே. உள்ளே உட்கார்ந்து, வாயில் கூவேயோடு, சாத்து, டுவா, தீகா என்று எண்ணியிருப்பாள்.

தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும் என்பார்கள். என் தொட்டில் பழக்கம் லயத்தில் தட்டாமல் நுழைவது. அன்று ஒரு தடவை அது என் கைக்குத் திரும்பி வந்திருந்தால் போதும். வரவில்லை.

சொன்ன பேச்சு கேட்கிற பிள்ளை இல்லை அவள். அன்றைக்கு மட்டும் கேட்டுவிட்டாள்.